ஒரே கொலை வழக்கு, மூன்று பேருக்கு ஜாமீன், இரண்டு பேருக்கு இல்லை: கோர்ட் எதைப் பார்க்கிறது?

தென்றல்77 எழுதியது:

சட்டம் தெரிந்தவர்கள் யாராவது கொஞ்சம் விளக்க வேண்டும். வரப்புத் தகராறு முற்றி என் தாய்மாமாவை வெட்டிக் கொன்றுவிட்டார்கள். ஐந்து பேர் மேல் வழக்கு, கொலைக்கான 103-ஆம் பிரிவு, அதாவது பழைய 302. ஐந்து பேரையும் ரிமாண்ட் செய்தார்கள். செஷன்ஸ் கோர்ட்டில் ஐந்து பேருமே ஜாமீன் கேட்டார்கள், குற்றம் சாட்டப்பட்டவர்கள் வரிசையில் முதல் இருவரான ஏ1, ஏ2 மனுவைத் தள்ளிவிட்டு மற்ற மூன்று பேரை விட்டுவிட்டார்கள். இரண்டு மாதம்கூட ஆகவில்லை. இப்போது ஏ4 எங்கள் தெருவிலேயே பைக்கில் போகிறான், வருகிறான். அத்தை வாசலுக்கே வருவதில்லை.

எனக்குப் புரியாதது இதுதான். கொலை வழக்கில் ஜாமீனே கிடையாது என்றுதான் நினைத்திருந்தேன். அதே சமயம் எங்களுக்குத் தெரிந்த ஒரு பையன் கஞ்சா வழக்கில் மாட்டி ஒரு வருடத்துக்கு மேல் உள்ளேயே இருக்கிறான், அவனுக்கு ஜாமீன் கிடைக்கவே இல்லை. உயிரை எடுத்தவன் வெளியே, மூட்டை தூக்கினவன் உள்ளே. இதில் என்ன கணக்கு இருக்கிறது? ஏ1 இப்போது ஹைகோர்ட்டுக்குப் போயிருக்கிறான். அங்கே எங்கள் தரப்பைக் கேட்பார்களா, அல்லது அரசு வக்கீல் சொல்வதோடு முடிந்துவிடுமா?

கருப்பு_கோட்டு எழுதியது:

தம்பி, உங்கள் குடும்பத்துக்கு என் வருத்தங்கள். நான் இரண்டு பக்கமும் ஆஜராகிறவன், அதனால் இரண்டு பக்கத்தின் கோபமும் எனக்குத் தெரியும்.

கொலை வழக்கில் ஜாமீனே கிடையாது என்று சட்டத்தில் எங்கும் இல்லை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பிஎன்எஸ்எஸ்ஸின் 480-ஆம் பிரிவு மாஜிஸ்ட்ரேட்டின் கையைத்தான் கட்டுகிறது: மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கக்கூடிய குற்றத்தைச் செய்திருப்பார் என்று நம்ப நியாயமான காரணம் இருந்தால் அவர் விடக்கூடாது, பெண்கள், குழந்தைகள், நோயாளிகள் போன்றவர்களுக்கு மட்டும் விலக்கு. செஷன்ஸ் கோர்ட்டுக்கும் ஹைகோர்ட்டுக்கும் 483-இல் தனி அதிகாரம் இருக்கிறது, அதில் இந்தக் கட்டு இல்லை. அதனால்தான் கொலை வழக்கு ஜாமீன் மனுக்கள் எல்லாம் நேராக செஷன்ஸுக்குப் போகின்றன.

அங்கே நீதிபதி தனக்குள் கேட்டுக்கொள்ளும் கேள்வி 'இவன் கொன்றானா' என்பது அல்ல. அது விசாரணையில் முடிவாக வேண்டியது. விசாரணை முடியும்வரை இவனை உள்ளே வைத்திருந்தால்தான் வழக்கு ஒழுங்காக நடக்குமா என்பதுதான் கேள்வி. ஓடிவிடுவானா, சாட்சியை மிரட்டுவானா, வெளியே போய் இன்னொன்று செய்வானா, இவன் மேல் மேலோட்டமாகப் பார்த்தாலே நிற்கக்கூடிய ஆதாரம் என்ன, குற்றம் எவ்வளவு கொடூரம், தண்டனை எவ்வளவு. இவை எல்லாவற்றையும் சேர்த்துத்தான் எடை போட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லிவிட்டது. 2010-இல் ஒரு கொலை வழக்கில் இவற்றில் எதையும் பார்க்காமல் இயந்திரத்தனமாக ஜாமீன் கொடுத்துவிட்டார்கள் என்று ஹைகோர்ட் உத்தரவையே ரத்து செய்தது. குற்றம் கொடூரமானது என்ற ஒன்றை மட்டும் வைத்து மறுப்பதும் தப்பு, உள்ளே இருந்து நாளாகிவிட்டது என்ற ஒன்றை மட்டும் வைத்து விடுவதும் தப்பு.

உங்கள் வழக்கில் ஏ3, ஏ4, ஏ5 ஏன் வெளியே வந்தார்கள் என்பதை எஃப்ஐஆரைப் படிக்காமலே ஓரளவு ஊகிக்கலாம். 'ஏ1 அரிவாளால் கழுத்தில் வெட்டினான், ஏ2 தலையில் வெட்டினான், மற்றவர்கள் பிடித்துக்கொண்டார்கள்' என்றோ 'விடாதே என்று கத்தினார்கள்' என்றோ இருக்கும். சரியா? ஐந்து பேர் கூடி வந்து ஒருவன் வெட்டினாலும் சட்டவிரோதக் கூட்டத்தில் இருந்த எல்லோருமே கொலைக்குப் பொறுப்பு, தண்டனை சமமாகவே வரலாம். ஆனால் ஜாமீன் கட்டத்தில் கோர்ட் ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பிரித்துப் பார்க்கும். யார் கையில் ஆயுதம், யார் காட்டிக் கொடுத்து அது கைப்பற்றப்பட்டது, போஸ்ட்மார்ட்டத்தில் இருக்கும் காயம் யார் வெட்டியதாகச் சொன்ன வெட்டோடு பொருந்துகிறது, யார் பெயர் எஃப்ஐஆரில் முதலிலேயே இருந்தது, யார் பெயர் நான்கு நாள் கழித்து வாக்குமூலத்தில் புதிதாக முளைத்தது. ஓரமாக நின்றவனுக்கு முன்வழக்கும் இல்லை என்றால் அவனை விடுவதற்கே வாய்ப்பு அதிகம். ஏ3-ஐ விட்டீர்களே, என்னையும் விடுங்கள் என்று ஏ1 ஹைகோர்ட்டில் கேட்பான். பங்கு ஒன்றாக இருந்தால்தான் அந்த வாதம் எடுபடும். வெட்டியவனுக்கும் பிடித்தவனுக்கும் ஒரே அளவுகோல் கிடையாது.

சும்மா_படிப்பவன் எழுதியது:

வக்கீல் சார் சொல்வதெல்லாம் புத்தகத்தில் அழகாக இருக்கிறது. நடைமுறையில் பெரிய வக்கீல் வைத்தவனுக்கு ஜாமீன், இல்லாதவனுக்கு ஜெயில். இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கு பேர் இன்னும் தண்டனையே பெறாத விசாரணைக் கைதிகள். ஜாமீன் என்பது விதி, சிறை என்பது விலக்கு என்று கிருஷ்ணய்யர் 1977-இலேயே சொன்னார், 2024-இலும் அதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். திரும்பச் சொல்ல வேண்டி வருகிறது என்றாலே கீழே யாரும் கேட்கவில்லை என்றுதானே அர்த்தம்?

இன்னொரு கூத்து, ஜாமீன் கிடைத்த பிறகும் வெளியே வர முடியாதவர்கள். 1978-இல் மத்தியப் பிரதேசத்தில் ஒரு கொத்தனாருக்கு உச்ச நீதிமன்றமே ஜாமீன் கொடுத்தது, கீழே மாஜிஸ்ட்ரேட் பத்தாயிரம் ரூபாய்க்கு ஷ்யூரிட்டி, அதாவது பிணை நிற்கும் ஆள், கேட்டார், கொத்தனாரின் சகோதரர் வந்து நின்றால் 'உன் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது' என்று திருப்பி அனுப்பினார். அந்த மனிதர் மறுபடியும் உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. அன்றைக்குப் பத்தாயிரம் என்றால் ஒரு கொத்தனாருக்கு என்ன என்று யோசித்துப் பாருங்கள்.

கருப்பு_கோட்டு எழுதியது:

மறுக்கவில்லை. ஷ்யூரிட்டி பிரச்சினை இன்றைக்கும் அப்படியேதான் இருக்கிறது. வீட்டு வரி ரசீதும் ரேஷன் கார்டும் வைத்திருக்கிற இரண்டு பேர் கிடைக்காமல் ஜாமீன் உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு உள்ளே கிடப்பவர்களை நானே பார்த்திருக்கிறேன். 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், ஜாமீன் கிடைத்து ஒரு வாரத்துக்குள் வெளியே வராத கைதியைப் பற்றிச் சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்க வேண்டும் என்று சொன்னது. தெரிந்தவர்கள் கேட்டு வாங்குகிறார்கள், மற்றவர்கள் காத்திருக்கிறார்கள். ஆனால் தென்றலின் கேள்விக்குப் பணம் மட்டும் பதில் ஆகாது. ஏ1-ம் ஏ2-வும் அதே வக்கீலை வைத்துத்தான் மனு போட்டிருப்பார்கள், அவர்களுக்குக் கிடைக்கவில்லையே.

கஞ்சா கேள்விக்கு வருகிறேன், அது வேறு உலகம். அந்தப் பையனிடம் பிடிபட்டது 20 கிலோவுக்கு மேல் இருந்தால் அது வணிக அளவு. உடனே போதைப்பொருள் சட்டத்தின் 37-ஆம் பிரிவு வந்து உட்கார்ந்துகொள்ளும். அதன்படி அரசு வக்கீல் எதிர்த்தால், இவன் குற்றவாளி அல்ல என்று நம்ப நியாயமான காரணம் இருக்கிறது, வெளியே போனால் மறுபடி குற்றம் செய்ய மாட்டான் என்ற இரண்டிலும் கோர்ட்டுக்குத் திருப்தி வர வேண்டும். அதாவது சாட்சி ஒருவரைக்கூட விசாரிக்காத கட்டத்திலேயே ஏறக்குறைய நிரபராதி என்று காட்டியாக வேண்டும். கொலைக்கு இந்த நிபந்தனை இல்லை. 20 கிலோவுக்குக் கீழே என்றால் 37-இன் இந்தக் கட்டு பொதுவாக வராது, அதனால்தான் கஞ்சா வழக்கில் எடை போட்டதைப் பதிவு செய்த மகஜரை வக்கீல்கள் வரி வரியாகப் படிக்கிறார்கள்.

பணமோசடித் தடுப்புச் சட்டத்தின் 45-ஆம் பிரிவிலும் இதே இரட்டை நிபந்தனைதான். 2017-இல் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது, 2018-இல் சட்டத்தைத் திருத்தித் திரும்பக் கொண்டுவந்தார்கள், 2022-இல் அதே நீதிமன்றம் செல்லும் என்றது. சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்டமான உபாவில் 43டி(5): குற்றச்சாட்டு மேலோட்டமாக உண்மை என்று தெரிந்தாலே ஜாமீன் இல்லை. ஆக, குற்றம் எவ்வளவு பெரியது என்பதைவிட எந்தச் சட்டத்தின் கீழ் வழக்கு என்பதுதான் பல சமயம் முடிவு செய்கிறது. இது எனக்கும் நியாயமாகப் படவில்லை, ஆனால் நிலைமை இதுதான்.

இதற்குள்ளும் ஒரு கதவு திறந்திருக்கிறது, அது தாமதம். 2021-இல் ஓர் உபா வழக்கில், விசாரணை கண்ணுக்கெட்டிய தூரத்தில் முடியாது என்றால், ஏற்கெனவே கணிசமான காலம் சிறையில் கழிந்திருந்தால், உயிருக்கும் சுதந்திரத்துக்கும் உரிமை தரும் அரசியலமைப்பின் 21-ஆம் பிரிவை வைத்து உயர் நீதிமன்றங்கள் விடலாம் என்றது உச்ச நீதிமன்றம். 2023-இல் ஒரு கஞ்சா வழக்கிலும், ஏழு வருடத்துக்கு மேல் உள்ளே இருந்தவருக்கு அதே வழியில் கிடைத்தது. பணமோசடி வழக்கில் செந்தில் பாலாஜிக்கு 2024 செப்டம்பரில் கிடைத்ததும் குற்றம் செய்யவில்லை என்று சொல்லி அல்ல, விசாரணை இப்போதைக்கு முடியப்போவதில்லை என்ற காரணத்தால்தான். அப்புறம் அவர் சில நாளிலேயே மறுபடி மந்திரி ஆனதும், சாட்சிகள் பயப்பட மாட்டார்களா, பதவி வேண்டுமா சுதந்திரம் வேண்டுமா என்று கோர்ட் கேட்டதும், 2025 ஏப்ரலில் அவர் ராஜினாமா செய்ததும் எல்லோருக்கும் தெரிந்த கதை. சாட்சிக்கு வரும் பயத்தைக் கோர்ட் எவ்வளவு கவனிக்கும் என்பதற்காகச் சொல்கிறேன், உங்களுக்கு அது தேவைப்படும்.

நீதிமன்ற_வராண்டா எழுதியது:

நான் கோர்ட்டில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். வக்கீல் தம்பி எல்லாம் சொல்லிவிட்டு முக்கியமானதை விட்டுவிட்டார். தென்றல், போலீஸ் குற்றப்பத்திரிகை போட்டாயிற்றா? முதலில் அதைப் பாருங்கள்.

கொலை வழக்கில் ரிமாண்ட் ஆன நாளிலிருந்து 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை போட்டாக வேண்டும், பிஎன்எஸ்எஸ் 187(3). போடவில்லை என்றால் ஏ1 எத்தனை வெட்டு வெட்டியிருந்தாலும், எத்தனை சாட்சி இருந்தாலும், அவன் கேட்டு, ஷ்யூரிட்டியும் கொடுக்கத் தயார் என்றால் விட்டே ஆக வேண்டும். அங்கே நீதிபதிக்கு விருப்பம் என்று ஒன்றும் இல்லை. ரிமாண்ட் ஆன நாளையும் சேர்த்துத்தான் எண்ண வேண்டும் என்று 2023-இல் உச்ச நீதிமன்றத்தில் மூன்று நீதிபதிகள் தீர்த்துவிட்டார்கள். ஒரு நாள் பிசகினால் போயிற்று.

சென்னையில் நடந்த ஒரு போதைப்பொருள் வழக்கு, அதில் கெடு 180 நாள். 181-ஆம் நாள் காலை பத்தரைக்கு கோர்ட் திறந்த கையோடு எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், தரப்பு ஜாமீன் மனு போட்டுவிட்டது. அதே நாள் சாயங்காலம் நாலு இருபத்தைந்துக்குத்தான் அதிகாரிகள் குற்றப்பத்திரிகை மாதிரியான கூடுதல் புகார் அறிக்கையைக் கொண்டுவந்தார்கள். கீழ்க்கோர்ட் ஜாமீன் கொடுத்தது, ஹைகோர்ட் ரத்து செய்தது, 2020-இல் உச்ச நீதிமன்றம் திருப்பிக் கொடுத்தது. மனு போட்ட பிறகு குற்றப்பத்திரிகை வந்தால் அந்த உரிமை போய்விடாது என்றார்கள். அதே சமயம் எதிரி மனு போடாமல் தூங்கிவிட்டால், குற்றப்பத்திரிகை வந்ததும் அந்த உரிமை போய்விடும். கோர்ட் வராண்டாவில் 89-ஆம் நாள் சாயங்காலம் பாருங்கள், ஏட்டய்யாக்கள் வழக்குக் காகிதக் கட்டைத் தூக்கிக்கொண்டு ஓடிவருவார்கள்.

பாதிக்கப்பட்டவர்கள் யாரும் இந்த நாளை எண்ணுவதில்லை. எதிரியின் வக்கீல் மட்டும் காலண்டரில் வட்டம் போட்டு வைத்திருப்பார்.

தென்றல்77 எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. வக்கீல் சார் ஊகித்தது அப்படியே சரி, ஏ3 முதல் ஏ5 வரை 'பிடித்துக்கொண்டார்கள்' என்றுதான் எஃப்ஐஆரில் இருக்கிறது. குற்றப்பத்திரிகை இன்னும் போடவில்லை என்று நினைக்கிறேன், யாரும் எங்களிடம் சொல்லவில்லை. ஏ4 நேற்று என் அத்தை பையனிடம் 'சாட்சி சொல்லப் போறியா' என்று சிரித்துக்கொண்டே கேட்டிருக்கிறான். அவன்தான் நேரில் பார்த்தவன். இது மிரட்டல் ஆகுமா? குண்டர் சட்டத்தில் போடச் சொல்லலாமா? ஊரில் சிலர் அப்படிச் சொல்கிறார்கள்.

கருப்பு_கோட்டு எழுதியது:

வராண்டா அண்ணன் சொன்னதை முதல் வேலையாகச் செய்யுங்கள். இன்ஸ்பெக்டரைப் பாருங்கள், ரிமாண்ட் தேதியை எழுதி வாங்குங்கள், 90-ஆம் நாள் என்றைக்கு வருகிறது என்று எண்ணி அரசு வக்கீல் அலுவலகத்திலும் சொல்லுங்கள். தடய அறிவியல் அறிக்கை வரவில்லை என்று தள்ளிப்போடுவார்கள். அது இல்லாமலும் குற்றப்பத்திரிகை போடலாம், பின்னால் சேர்த்துக்கொள்ளலாம்.

இரண்டாவது, ஏ4 கேட்டதை வாய்ப்பேச்சாக விடாதீர்கள். சிரித்துக்கொண்டு கேட்டாலும் அது சாட்சியைக் கலைப்பதுதான். அத்தை பையன் தேதி, நேரம், இடம், கூட யார் இருந்தார்கள், வார்த்தைக்கு வார்த்தை என்ன சொன்னான் என்று எழுதிப் புகார் கொடுத்து சிஎஸ்ஆர் ரசீது, அதாவது புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சீட்டு, வாங்கட்டும். ஸ்டேஷனில் வாங்கவில்லை என்றால் எஸ்பிக்குப் பதிவுத் தபாலில். 'எங்களுக்குப் பயமாக இருக்கிறது' என்று பொதுவாகச் சொன்னால் கோர்ட்டில் நிற்காது. தேதி போட்ட ஒரு சம்பவம் நிற்கும். அதை வைத்து ஏ4-இன் ஜாமீனை ரத்து செய்யக் கேட்கலாம். கொடுத்த ஜாமீனை ரத்து செய்வது, முதலிலேயே மறுப்பதைவிடக் கடினம், அதற்கு வலுவான புதுக்காரணம் வேண்டும் என்பது 1995-இலிருந்து இருக்கும் சட்டம். சாட்சியை மிரட்டுவது அப்படிப்பட்ட காரணங்களில் முதல் வரிசையில் நிற்பது. உத்தரவே தப்பு, ஆதாரத்தைப் பார்க்காமல் கொடுத்துவிட்டார்கள் என்றால் அது வேறு வழக்கு, அதற்குப் புதுச் சம்பவம் எதுவும் தேவையில்லை. இரண்டையும் ஒரே மனுவில் குழப்பிக் கெடுப்பவர்கள் நிறையப் பேர்.

சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் ஒன்றும் இருக்கிறது, 2018-இல் உச்ச நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. மாவட்ட நீதிபதி தலைமையிலான குழுவிடம் மனு கொடுத்தால் அச்சுறுத்தல் எவ்வளவு என்று போலீஸிடம் அறிக்கை கேட்பார்கள். ரொம்பப் பேர் பயன்படுத்துவதில்லை. நீங்கள் பயன்படுத்துங்கள், வேறெதற்கும் இல்லாவிட்டாலும் பிற்பாடு ஜாமீன் மனுவில் காட்ட ஒரு காகிதம் இருக்கும்.

ஹைகோர்ட்டில் உங்களைக் கேட்பார்களா என்றால், கேட்க வேண்டும். ஆனால் நீங்களாகப் போய் நிற்க வேண்டும். லக்கிம்பூர் கேரியில் விவசாயிகள் மேல் கார் ஏறிய வழக்கில், அப்போதைய மத்திய இணை அமைச்சரின் மகனுக்கு அலகாபாத் ஹைகோர்ட் ஜாமீன் கொடுத்தது. விசாரணை காணொளியில் நடந்தபோது இறந்தவர்கள் தரப்பு வக்கீலின் இணைப்பு அறுந்துபோய், அவர் சரியாக வாதாடவே முடியவில்லை. 2022 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அந்த ஜாமீனை ரத்து செய்து, பாதிக்கப்பட்டவருக்கு ஒவ்வொரு கட்டத்திலும் தன் பேச்சைக் கேட்கச் செய்யும் உரிமை உண்டு என்றது. அதனால் ஒரு வக்கீலை வைத்து, எங்களையும் கேளுங்கள் என்று இடையீட்டு மனு போடுங்கள். அரசு வக்கீலோடு சண்டை போடாமல் அவருக்கு விஷயம் கொடுங்கள்: போஸ்ட்மார்ட்டம் அறிக்கை, நேரில் பார்த்தவரின் வாக்குமூலம், ஏ1 மேல் முன்பு இருந்த வழக்குகளின் எண்கள், சிஎஸ்ஆர் நகல். ஒரு நாளில் ஒரு நீதிபதி முன் எத்தனை ஜாமீன் மனுக்கள் வரும் என்று வந்து பார்த்தால் தெரியும், உங்கள் மனுவுக்குக் கிடைப்பது சில நிமிடம். அந்த நேரத்தில் 'கொடூரமான கொலை ஐயா' என்று சொல்வதைவிட 'ஏ1 மேல் ஏற்கெனவே இந்த இரண்டு வழக்கு, இந்தத் தேதியில் சாட்சியிடம் இப்படிப் பேசியிருக்கிறார்கள்' என்று சொல்வது பத்து மடங்கு வேலை செய்யும். உங்கள் மாமா பட்டியல் சாதியைச் சேர்ந்தவராகவோ பழங்குடியாகவோ இருந்து வன்கொடுமைச் சட்டமும் சேர்ந்திருந்தால் உங்களுக்கு நோட்டீஸ் கொடுப்பதே கட்டாயம், 15ஏ பிரிவு. அப்படிக் கொடுக்காமல் விட்டிருந்தால் உடனே சொல்லுங்கள்.

குண்டர் சட்டம் வேண்டாம் என்று சொல்லவில்லை, அது உங்கள் கையில் இல்லை. போலீஸ் பரிந்துரைத்துக் கலெக்டரோ கமிஷனரோ போடுவது, அதிகபட்சம் 12 மாதம் தடுப்புக் காவல். வழக்கமான சட்டமே போதும் என்கிற இடத்தில் போட்டால் ஆட்கொணர்வு மனுவில் உடைந்துவிடும். 2011-இல் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே, ஜாமீன் மனு எதுவும் நிலுவையில் இல்லாதபோது வெளியே வந்துவிடுவான் என்று சொல்லித் தடுப்புக் காவலில் போட்டதை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அதை நம்பி ஜாமீன் எதிர்ப்பில் கோட்டை விடாதீர்கள்.

சும்மா_படிப்பவன் எழுதியது:

ஒரு வேளை ஏ1-க்குக் கிடைத்துவிட்டால்? விசாரணை தொடங்கவே வருடக்கணக்காகும், அதுவரை உள்ளேயே வைத்திருப்பார்களா என்ன.

கருப்பு_கோட்டு எழுதியது:

கிடைக்கலாம், பொய் சொல்ல மாட்டேன். நேரடிச் சாட்சி இருக்கிற வழக்கு, வெட்டியதாகப் பெயர் சொன்ன ஆள், குற்றப்பத்திரிகைகூட வராத கட்டம், இவை மூன்றும் அவனுக்கு எதிராக இருக்கின்றன. ஒரு வருடம் கழித்து, விசாரணை நகரவில்லை என்றால் தராசு மெதுவாக அவன் பக்கம் சாயும். கொலை, பாலியல் வன்முறை மாதிரி வழக்குகளில் விசாரணை தொடங்கிச் சாட்சிகள் பேச ஆரம்பித்த பிறகு ஜாமீன் கொடுப்பதற்குக் கோர்ட்டுகள் தயங்க வேண்டும் என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே குற்றப்பத்திரிகை வந்ததும் வழக்கு செஷன்ஸுக்குக் கமிட் ஆகிறதா, அதாவது அனுப்பப்படுகிறதா, சம்மன் போகிறதா என்று துரத்திக்கொண்டே இருக்க வேண்டும். ஜாமீனை எதிர்ப்பதில் பாதி வேலை விசாரணையை ஓட வைப்பதில்தான் இருக்கிறது.

தென்றல்77 எழுதியது:

புரிகிறது சார். கடைசியாக ஒன்று. ஏ4 தினமும் எங்கள் ஊர் ஸ்டேஷனிலேயே கையெழுத்துப் போடுகிறான், அந்தச் சாக்கில்தான் தெருவில் திரிகிறான். அதை மாற்றச் சொல்லிக் கேட்க முடியுமா?

கருப்பு_கோட்டு எழுதியது:

முடியும். வேறு மாவட்டத்தில் தங்கி அங்கே உள்ள ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும் என்று கண்டிஷன் வைப்பது நம் கோர்ட்டுகளில் சர்வ சாதாரணம். ரத்து மனுவிலேயே, ரத்து செய்யாவிட்டால் இந்த நிபந்தனையையாவது மாற்றுங்கள் என்று மாற்றுக் கோரிக்கையாக எழுதச் சொல்லுங்கள், நீதிபதிக்கு நடுவில் ஒரு வழி கிடைக்கும். இன்னொன்றும் கவனியுங்கள்: கொஞ்ச நாள் போனதும் கண்டிஷனைத் தளர்த்தச் சொல்லி அவர்கள் மனு போடுவார்கள். பெரும்பாலும் யாரும் எதிர்க்காமல் அது போய்விடும். இ-கோர்ட்ஸ் தளத்தில் வழக்கு எண்ணைப் போட்டு வாரம் ஒருமுறை பார்த்துக்கொண்டிருங்கள், மனு வந்திருந்தால் அன்றைக்கே உங்கள் வக்கீலிடம் சொல்லுங்கள்.